டிக்ஸி டீன்: அறுபது கோலும் எட்டு பவுண்டும்

கேள்வி இது: "மான்செஸ்டர் சிட்டியின் ஹாலண்ட் ஒரே லீக் சீசனில் 36 கோல் அடித்ததையே பெரிதாகப் பேசுகிறோம். 1927–28இல் எவர்டனின் டிக்ஸி டீன் 60 அடித்தாராமே, அந்தக் காலத்தில் தடுப்பாட்டமே கிடையாதா? அவ்வளவு பெரிய ஆட்டக்காரர் என்றால் கடைசிக் காலத்தில் ஏன் ஒரு கம்பெனியில் போர்ட்டர் வேலை பார்த்தார்?"

இரண்டையும் சேர்த்துக் கேட்டது நல்லதாயிற்று. முதல் கேள்விக்குக் கோல் கணக்கை வைத்துப் பதில் சொல்லிவிடலாம். இரண்டாவதுக்கு அந்தக் காலத்து இங்கிலாந்தில் ஒரு தொழில்முறைக் கால்பந்து வீரன் எந்த நிலையில் இருந்தான் என்பதைச் சொல்லியாக வேண்டும். எனக்கு இரண்டாவதுதான் முக்கியமாகப் படுகிறது.

வில்லியம் ரால்ஃப் டீன் 1907 ஜனவரி 22 அன்று பிர்கன்ஹெட்டில் பிறந்தார். மெர்ஸி ஆற்றுக்கு இக்கரையில் பிர்கன்ஹெட், அக்கரையில் லிவர்பூல். எட்டு வயதில் அப்பாவோடு லிவர்பூல் நகரத்து எவர்டன் கிளப்பின் ஆட்டத்தைப் பார்க்கப் போன நாளிலிருந்து பையனுக்கு அந்த நீலச் சட்டைதான் கனவு. படிப்பில் நாட்டமில்லை. சீர்திருத்தப் பள்ளி ஒன்றில் நல்ல மைதானம் இருந்ததால், குற்றம் எதுவும் செய்யாமலே அங்கே போய்ச் சேர்ந்துகொண்டதாகப் பிற்காலத்தில் அவரே சொல்லியிருக்கிறார். பிறகு விர்ரல் ரயில்வேயில் தொழில் பழகுநர். பகலில் பந்து விளையாட வேண்டும் என்று இரவு ஷிஃப்ட் கேட்டு வாங்கிக்கொண்டார்.

பதினாறு வயதில் உள்ளூர் கிளப்பான டிரான்மியர் ரோவர்ஸில் சேர்ந்தார். மூன்றாம் டிவிஷன் ஆட்டம் என்றால் மென்மையாக இருக்கும் என்று நினைத்துவிடாதீர்கள். ஓர் ஆட்டத்தில் எதிரணித் தடுப்பாளர் அடிவயிற்றில் விட்ட உதையில் ஒரு விரையை அறுவைச் சிகிச்சை செய்து எடுக்க வேண்டியதாயிற்று. அப்போது அவருக்கு இருபது வயதுகூட ஆகவில்லை. அதோடும் டிரான்மியருக்காக 30 லீக் ஆட்டங்களில் 27 கோல் அடித்தார்.

1925 மார்ச்சில் எவர்டனின் செயலாளர் டாம் மெக்கின்டாஷ் ஆற்றைக் கடந்து வந்து, வுட்சைட் ஹோட்டலில் காத்திருந்தார். சினிமா பார்த்துவிட்டு வீடு திரும்பிய டீனிடம் அம்மா விஷயத்தைச் சொன்னதும், டிராமுக்குக்கூடக் காத்திருக்காமல் அந்த இரண்டரை மைலையும் ஓடியே போனார் என்பது பிர்கன்ஹெட்டில் இன்றும் சொல்லப்படும் கதை. விலை 3,000 பவுண்டு. அது கிளப்பிலிருந்து கிளப்புக்குப் போன பணம். இந்த 3,000 என்ற எண்ணை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

இப்போது உங்கள் முதல் கேள்விக்கு வருகிறேன். "தடுப்பாட்டமே கிடையாதா" என்ற சந்தேகத்தில் பாதி நியாயம் இருக்கிறது. 1925 வரை ஆஃப்சைட் விதி வேறு மாதிரி இருந்தது. தாக்குபவனுக்கும் கோல் கோட்டுக்கும் நடுவே எதிரணியில் குறைந்தது மூன்று பேர் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் அவன் ஆஃப்சைட். நியூகாசிலின் பில் மெக்கிராக்கன் போன்ற தந்திரசாலிகள் மைதானத்தின் நடுப்பகுதி வரை ஏறி வந்து நின்றே எதிரணியை ஆஃப்சைடில் சிக்கவைப்பார்கள். ஆட்டம் சலிப்பாகப் போனது. 1925 கோடையில் மூன்றை இரண்டாகக் குறைத்தார்கள். உயர்மட்டமான முதல் டிவிஷனில் 1924–25 சீசனில் விழுந்த மொத்தக் கோல்கள் 1,192. அடுத்த சீசனில், அதே எண்ணிக்கை ஆட்டங்களில், 1,703. டீன் எவர்டனில் முழு சீசன் ஆடத் தொடங்கியது சரியாக அந்த வருடம்தான். காற்று அவர் பக்கம் வீசியது உண்மை.

ஆனால் அந்தக் காற்று எல்லோருக்கும்தானே வீசியது? விதி மாறிய முதல் சீசனில், தடுப்பாளர்கள் திகைத்து நின்ற வேளையில், பிளாக்பர்னின் டெட் ஹார்ப்பர் அடித்தது 43. அதுவே அப்போதைய முதல் டிவிஷன் சாதனை. அடுத்த இரண்டு வருடத்துக்குள் அணிகள் மருந்து கண்டுபிடித்துவிட்டன. நடுக்களத்தில் உலவிக்கொண்டிருந்த சென்டர் ஹாஃபைப் பின்னுக்கு இழுத்து, எதிரணியின் நடு முன்கள வீரரான சென்டர் ஃபார்வர்டை நிழல்போல ஒட்டிக்கொள்ள வைத்தார்கள். ஆர்சனலில் ஹெர்பர்ட் சாப்மன் இதை ஓர் அமைப்பாகவே வளர்த்தெடுத்தார். அதாவது 1927–28இல் டீன் எதிர்கொண்டது, அவரைப் போன்ற ஆளைக் கட்டிப்போடுவதற்கென்றே நிறுத்தப்பட்ட தடுப்பாளர்களை. அந்த வருடம்தான் 60 அடித்தார். ஹார்ப்பரைவிட 17 அதிகம். பிறகு 1930–31இல் ஆஸ்டன் வில்லாவின் வேரிங் 49 வரை வந்தார். முதல் டிவிஷனில் டீனைத் தவிர வேறு யாரும் ஒரு சீசனில் ஐம்பதைத் தொட்டதில்லை. சீசனுக்கு 42 ஆட்டம் இருந்த காலம் என்பதையும் கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும்தான், ஆனால் டீன் ஆடியது 39இல்.

ஒன்றை விட்டுவிட்டேன். அந்த 60க்கு இரண்டு வருடம் முன்பு அவர் செத்துப் பிழைத்தவர். 1926 கோடையில் வட வேல்ஸில் மோட்டார் சைக்கிள் விபத்து. மண்டையோட்டில் விரிசல், தாடை உடைந்தது. ஒன்றரை நாள் நினைவில்லை. இனி ஆட முடியாது என்றார்கள் மருத்துவர்கள். தலையால் பந்தை முட்டுவதையே பிழைப்பாகக் கொண்டவனுக்கு மண்டையில் அடி. அந்த இலையுதிர் காலத்திலேயே திரும்பி வந்தார். மண்டையில் இரும்புத் தகடு வைத்திருக்கிறார்கள், அதனால்தான் பந்து அப்படிப் பாய்கிறது என்று ஊரில் கட்டிவிட்டார்கள். தகடும் இல்லை, ஒன்றும் இல்லை. அந்தக் காலத்துப் பந்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். தோல் பந்து, மேலே வார் போட்டு இறுக்கிக் கட்டியிருக்கும். மழையில் ஊறினால் கனம் கூடிக்கொண்டே போகும். வார் முடிச்சு நெற்றியில் பட்டால் கிழித்துவிடும். ஐந்தடி பத்து அங்குலம்தான் டீன். உயரத்தை நம்பி ஆடியவர் அல்ல. எம்பும் நேரமும் கழுத்தைத் திருப்பும் வேகமும்தான் அவரது சொத்து.

எவர்டனின் உள்ளூர் எதிரணியான லிவர்பூல் கிளப்பின் கோல்கீப்பர் எலிஷா ஸ்காட்டைப் பற்றிய கதையைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். தெருவில் எதிரே வந்த டீன் மரியாதைக்குத் தலையை அசைக்க, ஸ்காட் பழக்கதோஷத்தில் பந்தைப் பிடிக்கப் பாய்ந்துவிட்டார் என்பார்கள். நடந்திருக்காது. ஆனாலும் அந்த ஊர் டீனின் தலையைப் பற்றி என்ன நினைத்தது என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி கிடையாது.

1928 வசந்த காலத்துக்கு வருவோம். மார்ச் 31 அன்று லண்டன் வெம்ப்ளி மைதானத்தில் ஸ்காட்லாந்து இங்கிலாந்தை 5–1 என்று துவைத்துப் போட்டது. அன்று இங்கிலாந்தின் சென்டர் ஃபார்வர்டு டீன்தான், ஒரு கோல்கூட அடிக்கவில்லை. எவர்டனுக்கு மூன்று லீக் ஆட்டங்கள் மிச்சமிருந்தபோது அவர் கணக்கு 51. முந்தைய வருடம்தான் மிடில்ஸ்பரோவின் ஜார்ஜ் கேம்செல் இரண்டாம் டிவிஷனில் 59 அடித்து வைத்திருந்தார். அதை முந்த மூன்று ஆட்டத்தில் ஒன்பது கோல் வேண்டும். நடக்கிற காரியமா? ஆஸ்டன் வில்லாவுக்கு எதிராக இரண்டு அடித்தார். பர்ன்லியில் நான்கு. கடைசி ஆட்டம் மே 5, எவர்டனின் சொந்த மைதானமான குடிசன் பார்க், எதிரணி ஆர்சனல். மூன்று வேண்டும்.

சாம்பியன் பட்டம் ஏற்கெனவே எவர்டனுக்கு உறுதியாகிவிட்டது. அதனால் மைதானத்துக்கு வந்த 48,000க்கும் மேற்பட்டவர்கள் ஒரே ஓர் ஆளைப் பார்க்கத்தான் வந்தார்கள். முதல் கோல் ஆர்சனலுக்கு. அடுத்த சில நிமிடங்களுக்குள் டீன் ஒன்றை அடித்தார், பிறகு ஒரு பெனால்டி. 59. ஆட்டம் தொடங்கிச் சில நிமிடங்கள்தான் ஆகியிருந்தன. அதன் பிறகு ஏறக்குறைய எண்பது நிமிடம் டீனுக்குக் கோலே விழவில்லை. ஆர்சனல் சமன் செய்தது. நேரம் போய்க்கொண்டே இருந்தது. சேம்பியன் அணியின் சொந்த மைதானத்தில் அத்தனை ஆயிரம் பேர் வெற்றி தோல்வியைப் பற்றிக் கவலைப்படாமல் ஒரே ஒரு கோலுக்காகத் தவித்துக்கொண்டிருந்த அந்த எண்பது நிமிடத்தை நான் பலமுறை கற்பனை செய்து பார்த்திருக்கிறேன். கடைசிப் பத்து நிமிடத்துக்குள் இடப்பக்கத்திலிருந்து அலெக் ட்ரூப் கார்னர் உதைத்தார். குள்ளமான ஸ்காட்லாந்துக்காரர், டீனின் கோல்களில் பல அவர் காலிலிருந்து கிளம்பியவை. பந்து உயர்ந்து வந்தது, டீன் கூட்டத்தைப் பிளந்துகொண்டு எழும்பினார். 60. அதற்குப் பிறகு ஆர்சனல் இன்னொரு கோல் அடித்து 3–3 ஆக்கியதை யாரும் கண்டுகொண்டதாகத் தெரியவில்லை. ஆர்சனலுக்காக அன்று கடைசி ஆட்டம் ஆடியவர் சார்லி புக்கன். பெரிய வீரர் ஒருவரின் விடைபெறும் நாள் இப்படி இன்னொருவர் நாளாகிப்போனது.

அன்றைய வருமானக் கணக்கையும் போட்டுப் பாருங்கள். பெரியவர்களுக்குக் குறைந்தபட்சக் கட்டணம் ஒரு ஷில்லிங். இருபது ஷில்லிங் ஒரு பவுண்டு. 48,000 பேர் என்றால் தோராயமாக 2,400 பவுண்டு. களத்தில் ஆடிய எவர்டன் வீரர்கள் பதினொரு பேரின் அந்த வாரச் சம்பளம்? ஆளுக்கு அதிகபட்சம் 8 பவுண்டு, மொத்தம் 88. உங்கள் இரண்டாவது கேள்விக்கான பதில் இங்கேதான் இருக்கிறது.

1922 முதல் கால்பந்து லீக்கில் உச்சவரம்புச் சம்பளம், சீசன் நடக்கும் மாதங்களில் வாரம் 8 பவுண்டு, கோடையில் 6. வென்றால் 2 பவுண்டு, சமன் ஆனால் 1 பவுண்டு ஊக்கத்தொகை. இதற்கு மேல் கொடுப்பது குற்றம். டீனுக்கும் எட்டுதான், யாரும் பேர் கேட்டிராத தடுப்பாளருக்கும் எட்டுதான். ஒரு விஷயத்தை ஒப்புக்கொள்ள வேண்டும். சாதாரண ஆலைத் தொழிலாளியின் கூலியைவிட இது இரண்டு மடங்குக்கு மேல். வேலையில்லாத் திண்டாட்டம் மெர்ஸிக்கரையை வாட்டிய காலத்தில் எட்டு பவுண்டு சம்பளக்காரன் தெருவில் ராஜா. ஆனால் முப்பது வயதைத் தாண்டினால் முடிந்துபோகும் ராஜாங்கம் அது. கால் போனால் அதற்கும் முன்பே முடிந்துவிடும். மாற்று ஆட்டக்காரரை இறக்கும் வழக்கம் அப்போது கிடையாது, 1965இல்தான் லீக்கில் வந்தது. அடிபட்டவன் நொண்டிக்கொண்டாவது மைதானத்தின் ஓரத்தில், விங்கில் நிற்பான்.

சம்பள வரம்பைவிடக் கொடுமையானது வீரனைக் கட்டிவைக்கும் முறை. ஒப்பந்தம் ஒரு வருடத்துக்குத்தான். ஆனால் வருட முடிவில் கிளப் விரும்பினால் உங்கள் பதிவைத் தன்னிடமே வைத்துக்கொள்ளலாம். நீங்கள் கையெழுத்துப் போட மறுத்தால் சம்பளமும் இல்லை, வேறு கிளப்புக்கு ஆடவும் முடியாது. விற்பதா, எவ்வளவுக்கு விற்பதா, யாருக்கு விற்பதா என்பது எல்லாம் இயக்குநர்கள் கையில். கொத்தடிமை என்று நான் சொன்னால் மிகை என்பீர்கள். ஆனால் வேலையை விட்டாலும் வேறு முதலாளியிடம் போக முடியாத ஒருவனை வேறு எப்படிச் சொல்வது? சம்பள வரம்பு 1961இல்தான் ஒழிந்தது. கட்டிவைக்கும் முறையை 1963இல் ஜார்ஜ் ஈஸ்டம் வழக்கில் நீதிமன்றம் நியாயமற்றது என்றது. டீனின் கால்கள் ஓய்ந்து கால் நூற்றாண்டு ஆகிவிட்டிருந்தது.

மீதி ஆட்ட வாழ்க்கையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1930இல் எவர்டன் கீழ் டிவிஷனுக்கு இறங்கியது. அந்த சீசனில் டீன் பாதி நாள் காயத்தில் இருந்தார், ஆனாலும் 25 ஆட்டத்தில் 23 கோல். மறுவருடம் இரண்டாம் டிவிஷன் பட்டம், டீன் 39. அதற்கடுத்த வருடமே முதல் டிவிஷன் பட்டம், டீன் 45. 1933 ஏப்ரல் 29 அன்று வெம்ப்ளியில் எஃப்ஏ கோப்பை இறுதி ஆட்டம். மான்செஸ்டர் சிட்டியை 3–0 என்று வென்றார்கள், தலைவர் டீனும் ஒரு கோல் அடித்தார். கோப்பை இறுதியில் வீரர்கள் முதுகில் எண் அணிந்தது அன்றுதான் முதல் முறை. எவர்டனுக்கு 1 முதல் 11 வரை, சிட்டிக்கு 12 முதல் 22 வரை. டீனுக்கு 9. இன்று நாம் "நம்பர் 9" என்று ஒரு வகை ஆட்டக்காரரையே அழைக்கிறோமே, அந்த எண்ணை வெம்ப்ளியில் முதலில் முதுகில் சுமந்த சென்டர் ஃபார்வர்டு இவர். எவர்டனுக்காக மொத்தம் 433 ஆட்டங்களில் 383 கோல்.

இங்கிலாந்துக்காக 16 ஆட்டம், 18 கோல். இவ்வளவு குறைவா என்று தோன்றும். முதல் ஐந்து ஆட்டங்களிலேயே 12 அடித்தவர் அவர். அப்போது தேசிய அணிக்கு மேலாளரே கிடையாது. குழு கூடித் தேர்வு செய்யும், ஒவ்வொரு ஆட்டத்துக்கும் ஆள் மாறும். உலகக் கோப்பைக்கு இங்கிலாந்து 1950 வரை போகவே இல்லை. ஜார்ஜ் கேம்செலின் கணக்கு இன்னும் வேதனை. அவரும் 18 கோல்தான், ஆனால் வெறும் 9 ஆட்டத்தில். டர்ஹம் பக்கத்து நிலக்கரிச் சுரங்கத்திலிருந்து வந்தவர், 59 அடித்து, ஒரே வருடத்தில் ஒரே ஒரு கோலால் நிழலுக்குள் போனவர். நேரம் கிடைத்தால் அவரைப் பற்றியும் தேடிப் படியுங்கள்.

1936 கடைசியில் எவர்டன் பர்ன்லியிலிருந்து பதினேழு வயது டாமி லாட்டனை 6,500 பவுண்டுக்கு வாங்கியது. தன் இடத்துக்குத்தான் ஆள் வந்திருக்கிறது என்று டீனுக்குத் தெரியும். பையனைத் தோளில் கைபோட்டு வரவேற்று, தன்னால் முடிந்ததையெல்லாம் கற்றுத் தருவதாகச் சொன்னார், சொன்னபடி செய்தார். லாட்டன் இதைச் சாகும்வரை நன்றியோடு சொல்லிக்கொண்டிருந்தார். டீனின் 60ஐவிட இந்த ஒரு செயல் எனக்குப் பெரிதாகத் தெரிகிறது.

கிளப் அதே பெருந்தன்மையைக் காட்டவில்லை. செயலாளர் தியோ கெல்லிக்கும் டீனுக்கும் ஒத்துப்போகவில்லை. 1938 மார்ச்சில் அவரை நாட்ஸ் கவுண்டிக்கு விற்றார்கள். விலை 3,000 பவுண்டு. பதின்மூன்று வருடம் முன்பு கொடுத்த பணத்தை அப்படியே திரும்ப எடுத்துக்கொண்டார்கள். நடுவில் இரண்டு முதல் டிவிஷன் பட்டம், ஒரு இரண்டாம் டிவிஷன் பட்டம், ஒரு கோப்பை, 383 கோல்.

நாட்ஸ் கவுண்டியில் காயம், ஒன்பதே ஆட்டம். 1939இல் அயர்லாந்தின் ஸ்லைகோ ரோவர்ஸுக்குப் போனார். அங்கே கோப்பை இறுதி வரை வந்து தோற்றார்கள். அந்த இரண்டாம் இடப் பதக்கம் திருடு போயிற்று. பல வருடம் கழித்து, ஸ்லைகோ மீண்டும் இறுதி ஆட்டத்துக்கு வந்தபோது விருந்தினராகப் போன டீனின் ஹோட்டல் அறைக் கதவுக்கடியில் யாரோ அதை நுழைத்துவிட்டுப் போனார்கள் என்று சொல்வார்கள்.

போருக்குப் பிறகு செஸ்டர் நகரில் டப்ளின் பேக்கட் என்ற மதுவிடுதியை நடத்தினார். எவர்டன் ரசிகர்களுக்கு அது யாத்திரைத் தலம் மாதிரி. பிறகு அதையும் விட்டுவிட்டு, லிவர்பூலில் லிட்டில்வுட்ஸ் நிறுவனத்தில் போர்ட்டராகச் சேர்ந்தார். கால்பந்து முடிவுகளை ஊகித்துப் பணம் கட்டும் பூல்ஸ் வியாபாரத்தில் வளர்ந்த நிறுவனம் அது. அதன் உரிமையாளர் ஜான் மூர்ஸ், அறுபதுகளில் எவர்டன் கிளப்பின் தலைவரும்கூட. ஆக, நீங்கள் கேள்விப்பட்டது உண்மைதான். குடித்தோ சூதாடியோ சொத்தை அழித்து அந்த நிலைக்கு வந்தவர் அல்ல டீன். அழிப்பதற்குச் சொத்தே சேரவில்லை. 1964இல் அவருக்காகக் குடிசனில் நிதி திரட்டும் ஆட்டம் ஒன்று நடத்தினார்கள். அவர் விற்கப்பட்டு இருபத்தாறு வருடம் கழித்து.

ஒரு சின்னத் திருத்தம். எல்லோரும் "டிக்ஸி" என்கிறோம், நானும் தலைப்பில் அப்படித்தான் எழுதியிருக்கிறேன். கறுத்த சுருள்முடியையும் நிறத்தையும் பார்த்து வைத்த பட்டப்பெயர் அது என்பார்கள், அவருக்கு அது பிடிக்காது. நெருங்கியவர்களுக்கு அவர் பில்.

1976இல் வலது காலை எடுத்துவிட்டார்கள். 1980 மார்ச் 1, குடிசன் பார்க்கில் எவர்டன்–லிவர்பூல் ஆட்டம். உடல்நிலை காரணமாக அதிகம் வெளியே வராதிருந்த பில் டீன் அன்று மைதானத்துக்கு வந்திருந்தார், வயது 73. அன்றைய பகல் விருந்தில் லிவர்பூலின் முன்னாள் மேலாளர் பில் ஷாங்க்லி அவரைப் பற்றிப் பேசினார், பீத்தோவன், ஷேக்ஸ்பியர் வரிசையில் வைத்து. ஆட்டத்தின்போதே மாரடைப்பு வந்து, தன் கோல்கள் விழுந்த அந்த மைதானத்திலேயே டீன் இறந்துபோனார். 2001இல் அதே மைதானத்துக்கு வெளியே சிலை வைத்தார்கள். அடியில் மூன்றே சொல்: கால்பந்து வீரர், கண்ணியவான், எவர்டோனியர்.